மணல் அடைக்கும் வாய், மதகு அடைக்கும் வாய்: பழவேற்காட்டுக் காயலும் சிங்கப்பூரின் உவர்நீரும்

சிங்கப்பூரின் கிராஞ்சி அணைமேல் போகும் சாலையின் ஒரு பக்கம் நன்னீர்த் தேக்கம், மறுபக்கம் மலேசியாவுக்கும் தீவுக்கும் இடையே உள்ள ஜோகூர் நீரிணை. இரண்டையும் பிரிப்பது ஒரு கரையும் சில கதவுகளும்தான். சற்று மேற்கே சுங்கை பூலோ சதுப்புநிலக் காப்பகத்துக்குள் நுழைந்தால் மூன்றாவது வகைத் தண்ணீர் இருக்கிறது. காலையில் ஓர் உப்பு, மாலையில் ஓர் உப்பு, மழை கொட்டினால் வேறு உப்பு என்று மாறிக்கொண்டே இருக்கும் உவர்நீர் அது. இந்த மூன்றும் இப்படி அருகருகே அமைந்தது இயற்கையின் ஏற்பாடு அல்ல. எந்த வாயைத் திறப்பது, எதை அடைப்பது என்று மனிதர்கள் எடுத்த முடிவு.

தமிழ்நாட்டுக் கரையில் இந்த முடிவைப் பெரும்பாலும் மணல் எடுக்கிறது. முத்துப்பேட்டை, அதிராம்பட்டினம், நாகூர் பக்கத்து வேர் உள்ள குடும்பங்கள் சிங்கப்பூரில் ஏராளம். அவர்களுக்குக் கழியும் காயலும் புதிதல்ல. சுற்றிலும் கடல் உள்ள இந்தத் தீவில் நம்மூர் மாதிரி ஒரு காயல்கூட ஏன் இல்லை என்ற கேள்வி அவர்களுக்கு எழுவது இயல்பு. விடை காண முதலில் காயல், அதாவது மணல் தடுப்புக்குப் பின்னால் தேங்கும் ஆழமில்லா உவர்நீர் ஏரி, எப்படி உண்டாகிறது என்று பார்க்க வேண்டும். அதற்குப் பழவேற்காட்டைவிட நல்ல எடுத்துக்காட்டு இல்லை.

பழவேற்காடு: மணல் போடும் கணக்கு

சென்னைக்கு வடக்கே, தமிழ்நாடும் ஆந்திரமும் பங்கிட்டுக்கொள்ளும் பழவேற்காடு ஏரி, இந்தியாவின் உவர்நீர் ஏரிகளில் சிலிக்காவுக்கு அடுத்துப் பெரியது. பெரும்பகுதி ஆந்திரத்தில் இருக்கிறது. வடக்கு தெற்காகச் சுமார் 60 கி.மீ. நீளம். பரப்பு நிலையானதல்ல. மழைக்காலத்தில் 450 சதுர கி.மீ. அளவுக்கு விரியும், கோடையில் அதில் பாதியளவுக்குக் குறுகிவிடும். காரணம் ஆழம். சராசரி ஆழம் ஏறக்குறைய 1 மீட்டர்தான். நீர்மட்டம் ஒரு சாண் இறங்கினாலே கரையோரத்தில் பல சதுர கி.மீ. சேறு வெளியே வந்துவிடும்.

ஏரியையும் வங்கக் கடலையும் பிரிப்பது ஸ்ரீஹரிகோட்டா. ராக்கெட் ஏவுதளத்துக்குப் பெயர்போன அந்தத் தீவு, புவியியல் கண்ணில் ஒரு நீண்ட மணல் தடுப்பு. அந்தக் கரையில் மணல் ஓய்வதே இல்லை. தென்மேற்குப் பருவக்காற்றுக் காலத்தில் அலை தெற்கிலிருந்து சாய்வாக வந்து மோதும். ஒவ்வொரு அலையும் மணலைச் சரிவாக மேலேற்றி, நேராகக் கீழே இறக்கும். இப்படிக் கரையோரமாகவே மணல் வடக்கே நகர்கிறது. வடகிழக்குப் பருவத்தில் திசை மாறும். ஆண்டுக் கணக்கில் கூட்டிக் கழித்தால் வடக்கே போவதே அதிகம். சென்னைத் துறைமுகத்துக்குத் தெற்கே மெரினா அகன்றதும், வடக்கே ராயபுரம் பக்கம் கடல் ஊருக்குள் ஏறியதும் இதே ஓட்டத்தால்தான். துறைமுகச் சுவர் மணலை ஒரு பக்கம் பிடித்து வைத்துக்கொண்டது, மறுபக்கத்துக்குப் பங்கு போகவில்லை.

இப்படி நகரும் மணல், ஓர் ஆறோ காயலோ கடலில் சேரும் இடத்தை மூடப் பார்க்கும். மூடவிடாமல் தடுப்பது அந்த வாய் வழியே போய்வரும் நீரின் வேகம். அந்த வேகம் இரண்டு இடங்களிலிருந்து கிடைக்கலாம். ஒன்று ஆற்று வெள்ளம், மற்றொன்று ஓதம், அதாவது கடல்மட்டம் நாள்தோறும் ஏறி இறங்குவது. பழவேற்காட்டுக்குத் தெற்கில் ஆரணியாறும் வடக்கில் காளங்கி ஆறும் தண்ணீர் கொண்டுவருகின்றன. ஆனால் இரண்டும் அக்டோபர் முதல் டிசம்பர் வரை மழை பெய்தால்தான் ஆறு, மற்ற மாதங்களில் மணல்வெளி. ஓதமோ அந்தக் கரையில் சிறியது. அமாவாசை, பௌர்ணமி நாட்களில்கூட ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் உள்ள வேறுபாடு 1 மீட்டர் சுற்றுவட்டாரத்தில்தான். குறுகிய வாய் வழியாக அது உள்ளே புகுவதற்குள் அடுத்த வற்றம் தொடங்கிவிடும். கடலில் ஏறும் அளவில் ஒரு சிறு பங்குதான் ஏரிக்குள் தெரியும்.

ஆகவே ஆண்டுதோறும் ஒரே கதை நடக்கிறது. மழைக்கால வெள்ளம் வாயை அகலமாக அறுத்துக்கொண்டு போகும். ஏரியின் தென்பகுதி கிட்டத்தட்ட நன்னீராகும். ஜனவரிக்குப் பின் ஆறு ஓயும், வாயில் வேகம் குறையும், மணல் படியும், வாய் குறுகி நகரும். சில ஆண்டுகளில் முழுக்க அடைபடும். அடைபட்டபின் நடப்பது எளிய கணக்கு. 1 மீட்டர் ஆழத் தண்ணீர் நாளுக்கு 5 மி.மீ. ஆவியானால் நூறு நாளில் அரை மீட்டர் போய்விடும். உப்பு எங்கும் போகாது. ஆயிரத்துக்கு 30 பங்கு உப்பு இருந்த நீர் 60 பங்கை எட்டும். கடல்நீரே 35 பங்குதான். கடலைவிட உப்பான ஏரியில் இறால் குஞ்சு பிழைக்காது, மடவை மீன் வளராது. குஞ்சுகள் கடலிலிருந்து உள்ளே வரவும் வழியில்லை. படகும் வெளியே போக முடியாது. யார் எந்த நாள் எந்த இடத்தில் வலை போடுவது என்று மீனவர்கள் தங்களுக்குள் முறை வைத்துக்கொள்ளும் ‘பாடு’ ஏற்பாடு அங்கே பல தலைமுறைகளாக உண்டு. ஏரியில் நல்ல மீன்பாடு உள்ள இடங்கள் குறைவு என்பதுதான் அதன் அடிப்படை.

அடைபட்ட வாயை வெட்டித் திறப்பதிலும் ஒரு சூட்சுமம் இருக்கிறது. ஏரி மட்டம் கடல் மட்டத்தைவிட உயர்ந்திருக்கும்போது, வற்றம் இறங்கத் தொடங்கும் நேரத்தில் திறந்துவிட வேண்டும். அப்போது வெளியேறும் நீரே மணலை அரித்து வழியை ஆழமாக்கிக்கொள்ளும். ஏற்றத்தின்போது திறந்தால் கடல் மணலை உள்ளே தள்ளி வெட்டிய பள்ளத்தை நிரப்பிவிடும், மண்வாரி இயந்திரத்தின் வாடகைதான் மிச்சம். நிலையான தீர்வாக முகத்துவாரத்தின் இரு பக்கமும் கடலுக்குள் கற்சுவர் நீட்டும் திட்டங்கள் வருகின்றன. அவை வாயைத் திறந்து வைக்கும். ஆனால் சென்னைத் துறைமுகம் சொல்லித்தந்த பாடம் அவற்றுக்கும் பொருந்தும். தெற்கே மணல் சேரும், வடக்கே கரை கரையும்.

பழவேற்காட்டின் உள்வழிகளில் முக்கியமானது பக்கிங்ஹாம் கால்வாய். 1806ல் சென்னைக்கும் எண்ணூருக்கும் இடையே வெட்டத் தொடங்கி, பின்னர் வடக்கேயும் தெற்கேயும் நீண்டு, ஆந்திரத்தின் பெத்தகஞ்சாமிலிருந்து மரக்காணம் பக்கம் வரை சுமார் 420 கி.மீ. ஆனது. 1877–78ல் பஞ்ச நிவாரண வேலையாகச் சென்னை நகருக்குள் அடையாறும் கூவமும் இணைக்கப்பட்டன. அப்போதைய ஆளுநர் பக்கிங்ஹாம் பிரபுவின் பெயர் நிலைத்தது. கடலுக்கு இணையாக, கரையிலிருந்து அதிகம் விலகாமல் ஓடும் இந்தக் கால்வாய், வழியில் உள்ள கழிகளையும் முகத்துவாரங்களையும் ஒரே நூலில் கோத்தது. எண்ணூர்க் கழியும் கொசஸ்தலையாறும் பழவேற்காடும் இதன் வழியே ஒன்றோடொன்று பேசும். அதாவது ஒரு வாய் அடைத்தால் அடுத்த வாய் கொஞ்சம் சுமை தாங்கும், ஓர் இடத்துக் கழிவு அடுத்த இடத்துக்கும் வந்து சேரும். இதற்கு நேர்மாறான வேலையைச் செய்தது சூலூர்ப்பேட்டையிலிருந்து ஸ்ரீஹரிகோட்டாவுக்கு ஏரியின் குறுக்கே போட்ட சாலை. மண்கரைமேல் போகும் அந்தச் சாலை ஏரியை இரண்டாக்கி, வடபகுதியின் நீரோட்டத்தைச் சுருக்கிவிட்டது.

முத்துப்பேட்டை வேறு வகை. பாக் நீரிணைக்குள் ஒதுங்கியிருப்பதால் அங்கே அலை குறைவு, மணலைவிடச் சேறு அதிகம். பாமணியாறு, கோரையாறு போன்ற காவிரிக் கிளைகள் கொண்டுவரும் வண்டலில் அலையாத்திக் காடு வளர்ந்தது. கடந்த நூற்றாண்டில் பெரிய பகுதிகளை மொத்தமாக வெட்டியபோது சேறு காய்ந்து, அமுங்கி, தாம்பாளம்போல் குழிந்தது. உள்ளே வந்த ஓதநீர் திரும்பப் போகாமல் தேங்கி ஆவியாகி, மண் உப்பளமானது. விதை விழுந்தாலும் முளைக்கவில்லை. பின்னாளில் மீன்முள் வடிவில் வாய்க்கால் வெட்டி, நடுவாய்க்காலிலிருந்து சாய்வாகக் கிளைகள் பிரித்து, அவற்றின் சரிவில் நாற்று நட்டபோதுதான் காடு திரும்பியது. 2018 நவம்பரில் கஜா புயல் அதில் கணிசமானதை முறித்துப் போட்டது தனிக் கதை. சேற்றுக்கு நீர் வருவது மட்டும் போதாது, வந்த நீர் உரிய நேரத்தில் வெளியேறவும் வேண்டும். சிங்கப்பூருக்கு இது அப்படியே பொருந்தும்.

ஏன் இங்கே காயல் இல்லை

சிங்கப்பூரில் மணல் தடுப்பு உருவாக வேண்டிய எதுவும் இல்லை. மேற்கே சுமத்ரா, வடக்கே தீபகற்பம், தெற்கே ரியாவ் தீவுகள் சூழ்ந்திருப்பதால் பெரிய அலை உள்ளே வராது. ஆறுகள் குட்டையானவை. அவை கொண்டுவருவது பெரும்பாலும் சேறு. ஓதமோ சென்னையைவிட மிகப் பெரியது. பெரிய ஓத நாட்களில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் 2.5 முதல் 3 மீட்டர் வரை வேறுபாடு வரும். இவ்வளவு நீர் நாளுக்கு இருமுறை போய்வரும்போது எந்த வாயும் அடைபடாது. அதனால் இந்தத் தீவின் இயற்கையான கரை, மணல் தடுப்பும் அதன் பின்னால் ஏரியும் அல்ல. சேற்றுவெளி, அதன்மேல் கண்டல் என்னும் அலையாத்திக் காடு, காட்டுக்குள் வளைந்து புகும் ஓதக் கழிகள் என்பதே அதன் வடிவம். 1819ல் இப்படிப்பட்ட காடு சுமார் 75 சதுர கி.மீ. இருந்ததாகக் கணிக்கிறார்கள். இன்று ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு மிஞ்சியிருக்கிறது.

(ஈஸ்ட் கோஸ்ட்டில் சாத்தே சாப்பிடப் போகும் உணவு நிலையத்தின் பெயரில் ‘லகூன்’ இருக்கிறதே என்றால், அது நிலமீட்பின்போது அமைத்த குளியல் குளத்தின் நினைவு. இயற்கையான காயலுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.)

ஜோகூர் நீரிணை ஏறக்குறைய 50 கி.மீ. நீளமுள்ள குறுகிய நீர்வழி. ஒருகாலத்தில் கிழக்கு மேற்காக நீர் ஊடுருவிப் போனது. சிங்கப்பூரையும் ஜோகூரையும் இணைக்க 1919ல் தொடங்கி 1924ல் அதிகாரபூர்வமாகத் திறக்கப்பட்ட கடற்பாலம், பாலம் என்று பெயர் பெற்றாலும் உண்மையில் 1 கி.மீ. நீளக் கல்லணை. அதன்பின் நீரிணை இரண்டு முட்டுச்சந்துகளானது. மேற்குக் கைக்குள் துவாஸ் பக்கம் நுழையும் நீர் கடற்பாலத்தில் முட்டி வந்த வழியே திரும்ப வேண்டும். 1998ல் வந்த துவாஸ் இரண்டாம் இணைப்பு தூண்கள்மேல் நிற்பதால் அடியில் நீர் போகும். கடற்பாலத்துக்கு அந்த வசதி இல்லை. முட்டுச்சந்தின் உள்மூலையில் நீர் புதுப்பிக்கப்படுவது மெதுவாக நடக்கும், சத்துக்கள் தேங்கும். 2014, 2015 ஆண்டுகளில் பாசிப் பெருக்கத்தோடு நீரிணையின் மிதவைப் பண்ணைகளில் மீன்கள் பெருமளவு செத்ததை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு இதன் பொருள் புரியும்.

இன்னொரு மாற்றமும் நடந்தது. சிங்கப்பூர்ப் பக்கத்து ஆறுகளின் வாய்கள் ஒவ்வொன்றாக அடைக்கப்பட்டன. 1975ல் கிராஞ்சி, 1981ல் தெங்கே, போயான், முராய், சரிம்புன், 1986ல் கீழ் சிலேத்தார், 2011ல் பொங்கோலும் சிராங்கூனும். இதனால் நீரிணைக்குள் இந்தப் பக்கத்திலிருந்து நன்னீர் தொடர்ந்து கசிவது நின்று, பெருமழையில் தேக்கம் நிரம்பிக் கதவு திறக்கும்போது மட்டும் மொத்தமாகக் கொட்டுகிறது. வறண்ட வாரங்களில் நீரிணை கடலுக்கு நெருக்கமான உப்போடு இருக்கும். திறந்த சில மணி நேரத்தில் வாய்க்கருகே உப்பு சட்டென்று விழும்.

சுங்கை பூலோ: ஒரு மதகு எப்படி வேலை செய்கிறது

கிராஞ்சி ஆறு அடைக்கப்பட்டதில் உள்பக்கத் தாழ்நிலம் நன்னீரில் மூழ்கி, இன்றைய கிராஞ்சிச் சதுப்புநிலம் ஆனது. அதே வட்டாரத்தில் சுங்கை பூலோ மட்டும் உவர்நீராக நீடித்ததற்குக் காரணம் இறால். கண்டல் காட்டை வெட்டிக் கரை எழுப்பி இறால் குளங்கள் அமைத்திருந்தார்கள். 1986ல் பறவை பார்ப்பவர்கள் இந்தக் குளங்களின் அருமையைக் கண்டு அரசின் கவனத்துக்குக் கொண்டுபோனார்கள். 1989ல் இயற்கைப் பூங்காவாக ஒதுக்கப்பட்டு, 1993 டிசம்பர் 6ல் திறந்து, 2002ல் சட்டப் பாதுகாப்புள்ள இயற்கைக் காப்பகமானது. இன்று 202 ஹெக்டர். நாம் ‘இயற்கை’ என்று ரசிக்கும் அந்தக் குளங்கள் ஒரு தொழிலின் மிச்சம்.

குளத்தின் உறுப்புகள் அதிகமில்லை. சேற்றை வாரிக் குவித்த கரை ஒன்று, குளத்தைச் சுற்றி. கரையின் உள்ஓரமாக மண் எடுத்த பள்ளமே சுற்றுவாய்க்கால். வற்றத்தில் மீனும் இறாலும் ஒதுங்குவது அதில்தான். நடுப்பகுதி மேடு. கரையில் ஓர் இடத்தில் மதகு. அதன் இரு பக்கச் சுவரிலும் செங்குத்தான காடிகள், அவற்றில் ஒன்றன்மேல் ஒன்றாக இறக்கும் பலகைகள். எத்தனை பலகை இருக்கிறதோ அதுவே குளத்தின் நீர்மட்டம். ஒரு பலகையை எடுத்தால் அதன் உயரம் அளவுக்கு நீர் இறங்கும்.

இறால் பிடிக்கும் முறை இதுதான். ஏற்றத்தில் மதகைத் திறந்தால் நீரோடு இறால் குஞ்சுகளும் நுண்ணுயிர்களும் உள்ளே வரும். குஞ்சு வாங்க வேண்டாம், தீனியும் பெரிதாக வேண்டாம். உச்ச ஏற்றத்தில் பலகை இறக்கி அடைத்துவிடுவார்கள். வளர்ந்த இறால் இரவில்தான் நடமாடும். ஆகவே பெரிய ஓதம் வரும் நாட்களில், இரவு வற்றத்தின்போது, மதகின் வெளிக்காடியில் கூம்பு வலையைப் பொருத்திப் பலகைகளை உருவினால், ஓட்டத்தோடு வெளியேறும் இறால் வலையில் விழும். நிலவு, ஓதம், வலைக்கண் மூன்றும் தெரிந்தவன் விவசாயி. மற்றவர்களுக்குச் சேறுதான் மிச்சம்.

மதகின் அளவைச் சும்மா தீர்மானிக்க முடியாது. 2 ஹெக்டர் குளத்தில் அரை மீட்டர் நீரை மாற்ற வேண்டும் என்றால் அது 10,000 கன மீட்டர். மதகு 1.5 மீட்டர் அகலம், அதில் ஓடும் நீரின் ஆழம் 1 மீட்டர், வேகம் நொடிக்கு 0.6 மீட்டர் என்று கொண்டால் நொடிக்கு 0.9 கன மீட்டர் போகும். மொத்தத்துக்கு மூன்று மணி நேரத்துக்குச் சற்று மேல். ஏற்றம் ஆறு மணி நேரம் நீடித்தாலும், மதகின் அடிக்கல்லைத் தாண்டி நீர் பாயும் நேரம் அதில் பாதிதான் கிடைக்கும். மதகு இன்னும் குறுகலாக இருந்தால் குளம் நிறையுமுன் ஓதம் திரும்பிவிடும். வேகத்தைக் கூட்டிச் சரிக்கட்டப் பார்த்தால் மதகின் அடிமண் அரிந்து கட்டுமானமே சாயும்.

இப்போது இறாலுக்குப் பதில் பறவைக்காகப் பலகைகள் ஏறி இறங்குகின்றன. செப்டம்பர் முதல் மார்ச் வரை வடக்கிலிருந்து உள்ளான்களும் உப்புக்கொத்திகளும் வரும். வற்றத்தில் அவை நீரிணையின் சேற்றுவெளியில் மேயும். ஏற்றம் அந்தச் சேற்றை மூடியதும் ஒதுங்க இடம் தேடும். அந்த நேரத்தில் குளத்தின் நீரைக் குறைத்து வைத்திருந்தால் நடுமேடு வெளியே தெரியும், பறவைகள் வந்து இறங்கும். ஆகவே பறவை பார்க்கப் போகிறவர்கள் கடிகாரத்தைவிட ஓத அட்டவணையைப் பார்ப்பது மேல். நீரிணையில் ஏற்றம் உச்சத்தை நெருங்கும் நேரமே குளத்தில் கூட்டம் சேரும் நேரம்.

தவறுவது எங்கே? முதலில் கரை. சேற்று இறாலும் நண்டும் கரைக்குள் வளை தோண்டும். ஒரு விரல் அகலக் கசிவு சில ஓதங்களில் கை நுழையும் ஓட்டையாகும், பிறகு கரையே உட்காரும். இரண்டாவது, நீரை அளவுக்கு மீறித் தேக்குவது. அலையாத்தியின் மூச்சுவேர்களும் சுரபுன்னையின் தாங்குவேர்களும் நாளில் சில மணி நேரமாவது காற்றைத் தொட வேண்டும். வாரக்கணக்கில் மூழ்கினால் மரம் நின்றபடியே சாகும். மூன்றாவது, நேரெதிர்: குளத்தை அதிக நாள் காயவிடுவது. கண்டல் சேற்றில் இரும்பும் கந்தகமும் சேர்ந்த தாது உறங்கிக் கிடக்கும். நீருக்கடியில் இருக்கும்வரை தீங்கில்லை. காற்றுப் பட்டால் கந்தக அமிலமாக மாறும். அடுத்த மழை அந்த அமிலத்தைக் குளத்துக்குள் கழுவிவிடும். துருப்பிடித்த நிறத்தில் நீர் கசிவதைக் கண்டால் இதுதான்.

நான்காவது, மழை. 1 மீட்டர் ஆழக் குளத்தில் உப்பு ஆயிரத்துக்கு 28 பங்கு. 100 மி.மீ. மழை பெய்து முழுக்கக் கலந்தால் 25.5 ஆகும், ஒன்றும் கெட்டுப்போகாது. சிக்கல் அது கலக்காமல் இருப்பதில்தான். கோப்பிக் கடையில் கலக்காமல் தரும் பண்டுங் பானத்தில் ரோஸ் சிரப் அடியில் தங்குவதுபோல், உப்புநீர் கனம் என்பதால் அடியிலேயே கிடக்கும், மழைநீர் மேலே படுக்கும். மேலடுக்கு மூடியாகிவிட, அடிநீருக்குப் புதுக்காற்று கிடைக்காது. சேற்றில் மக்கும் இலைகள் இருந்த ஆக்சிஜனையும் தின்றுவிடும். மறுநாள் விடிகாலையில் மீன்கள் மேலே வந்து வாய் பிளக்கும். இதற்குப் பரிகாரம், மதகின் மேல்பலகையை முதலில் எடுத்து மேலடுக்கு மழைநீரை வெளியே விடுவது. அடியிலிருந்து திறந்தால் வேண்டிய உப்புநீர் போய், வேண்டாத மழைநீர் தங்கும்.

உப்பை அளக்கக் கையடக்க ஒளிவிலகல்மானி போதும். இரண்டு சொட்டு நீரைக் கண்ணாடிமேல் விட்டு, மூடியை மெல்லச் சாய்த்து மூடி, குமிழ் இல்லையென்று உறுதி செய்து வெளிச்சத்தை நோக்கிப் பார்த்தால், நீலமும் வெள்ளையும் சந்திக்கும் கோடு உப்பைக் காட்டும். அளக்குமுன் காய்ச்சி வடித்த நீரில் பூச்சியம் காட்டுகிறதா என்று சரிபார்க்க வேண்டும். மேல்நீர் ஒன்று, மூடிய குப்பியைக் கயிற்றில் இறக்கி எடுத்த அடிநீர் ஒன்று என இரண்டும் தேவை. மேல்நீரை மட்டும் அளந்தவர்கள் எழுதிவைத்த உப்பு அளவுகளை மழைக்காலத்தில் நம்ப முடியாது.

ஓத அட்டவணையைப் படிக்கவும் ஒரு சுருக்குவழி உண்டு. ஒரு வற்றத்திலிருந்து அடுத்த ஏற்றத்துக்கு ஏறக்குறைய ஆறு மணி நேரம். நாளுக்கு நாள் நேரம் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும். மொத்த ஏற்றத்தைப் பன்னிரண்டாகப் பிரித்தால் மணிக்கு மணி 1, 2, 3, 3, 2, 1 பங்குகளாக ஏறும். 2.4 மீட்டர் ஏற்றத்தில் முதல் மணியில் 20 செ.மீ.தான், மூன்றாம் மணியில் 60 செ.மீ. சேற்றில் இறங்கி நடப்பவர்கள் சிக்கிக்கொள்வது இந்த மூன்றாம் மணியில். அட்டவணையில் உள்ள உயரம் தரைமட்டத்திலிருந்து அளந்ததல்ல, மிகத் தாழ்ந்த வற்றத்தையொட்டி வைத்த ஓர் அடிமட்டத்திலிருந்து அளந்தது. சுங்கை பூலோவில் இறங்கி நடக்கத் தேவையும் இல்லை, அனுமதியும் இல்லை. கழிகளில் முதலைகள் உண்டு.

கைவிடப்பட்ட குளங்கள் என்ன ஆகும் என்பதைப் புலாவ் உபினில் பார்க்கலாம். கரை உடைந்து ஓதம் தடையின்றி வந்து போகும் பல இடங்களிலும் மரம் திரும்பவில்லை. குளம் தோண்டியபோது தரை தாழ்ந்துவிட்டது. கண்டல் விதை வேரூன்ற வேண்டிய உயரம் நடுக்கடல்மட்டத்துக்கு மேலே, பெரிய ஏற்றத்துக்குக் கீழே உள்ள ஒரு குறுகிய பட்டை. குளத்தரை அதற்கும் கீழே. எவ்வளவு நாற்று நட்டாலும் மூழ்கிச் சாகும். முதலில் நீரோட்டத்தைத் திருத்தி, சேறு படிந்து தரை உயர வழிசெய்த பிறகே விதைக்குப் பலன். பாசிர் ரிஸ்ஸில் நிலமீட்பு நடந்தபோது சிறு கண்டல் காட்டைக் காப்பாற்ற முடிந்ததும் இதனால்தான். மரத்தை வேலிபோட்டுக் காத்ததோடு விடாமல், புதிய நிலத்தின் ஊடே அதற்கு ஓதம் வந்துபோக வழியும் விட்டார்கள்.

உப்பை வெளியேற்றும் கதவுகள்

சுங்கை பூலோ மதகின் வேலையைத் தலைகீழாகச் செய்வது மரினா அணைக்கட்டு. 350 மீட்டர் அகல மரினா வாய்க்காலின் குறுக்கே 9 எஃகுக் கதவுகள். 2008 அக்டோபர் 31ல் திறந்தபோது உள்ளே இருந்தது கடல்நீர். மழை பெய்யப் பெய்ய, கனமான உப்புநீரை வெளியேற்றி மேலே வரும் நன்னீரைப் பிடித்து வைத்தே, 2010ல் அது நன்னீர்த் தேக்கமானது. சிங்கப்பூரின் ஆறில் ஒரு பங்கு நிலத்து மழை அங்கே வந்து சேர்கிறது.

பெருமழை வற்றத்தின்போது வந்தால் கதவுகளைத் தாழ்த்தினால் போதும், நீர் தானாகக் கடலுக்குப் போகும். ஏற்றத்தின்போது வந்தால் கதவைத் திறக்க முடியாது, திறந்தால் கடல் உள்ளே வரும். அதற்காகவே 7 ராட்சத பம்புகள், ஒவ்வொன்றும் நொடிக்கு 40 கன மீட்டர் இறைப்பவை. பம்பு என்பது ஏற்ற நேரத்துக் காப்பீடு, கதவு என்பது வற்ற நேரத்துச் சிக்கனம்.

இந்தச் சிக்கனம் சுருங்கிவருகிறது. 2024ல் வெளியான மூன்றாவது தேசியப் பருவநிலை ஆய்வு, 2100க்குள் கடல்மட்டம் 1.15 மீட்டர் வரை உயரக்கூடும் என்கிறது. இன்று வற்றத்தைச் சுற்றி நாலைந்து மணி நேரம் கடல், தேக்கத்தைவிடத் தாழ்ந்திருக்கிறது என்று வைத்துக்கொண்டால், கடல் 1 மீட்டர் உயரும்போது அந்த நேரம் சிறிய ஓத நாட்களில் காணாமலே போகலாம். சுங்கை பூலோவுக்கும் இதே கணக்கு எதிர்ப்பக்கத்திலிருந்து வரும். குளத்தை நிரப்புவது எளிதாகும், வடிப்பது கடினமாகும். கண்டல் பட்டை நிலத்தை நோக்கி நகர வேண்டியிருக்கும், ஆனால் பின்னால் நகர இடம் இருக்கும் கரை இந்தத் தீவில் குறைவு.

ஈஸ்ட் கோஸ்ட்டுக்கு வெளியே 2023 நவம்பரில் அறிவிக்கப்பட்ட நீண்ட தீவுத் திட்டத்தை இந்தக் கணக்கோடு சேர்த்துப் பார்க்கலாம். ஏறக்குறைய 800 ஹெக்டர் நிலம், அதற்கும் இன்றைய கரைக்கும் இடையே ஒரு புதிய நீர்த்தேக்கம், முனைகளில் ஓதக் கதவுகளும் பம்பு நிலையங்களும். வரைபடத்தில் பார்த்தால் ஸ்ரீஹரிகோட்டாவும் பழவேற்காடும்தான். கடலோரமாக நீளும் தடுப்பு, பின்னால் ஒரு நீர்ப்பரப்பு. சிங்கப்பூருக்கு இயற்கை தராத காயலின் வடிவம் கடைசியில் மண் கொட்டி உருவாகப் போகிறது, உள்ளே மட்டும் உவர்நீருக்குப் பதில் நன்னீர். அங்கேயும் மரினாவில் நடந்ததுபோலவே உப்பை மழையால் கழுவி வெளியேற்ற வேண்டும். எத்தனை மாதம் பிடிக்கும் என்பது தேக்கத்தின் ஆழத்தையும் அதற்கு மழைநீர் தரும் நிலத்தின் பரப்பையும் பொறுத்தது. ஆழமான பள்ளங்களில் தங்கும் உப்புநீரை அடிமட்டக் குழாய் வைத்து உறிஞ்சி வெளியேற்றாவிட்டால், மேலே நன்னீர் தெரிந்தாலும் அடியில் ஆக்சிஜன் இல்லாத ஓர் அடுக்கு ஆண்டுக்கணக்கில் தங்கிவிடும்.